பேசும் குரலுக்கும் ஒரு விருது வேண்டும்

மத்திய தகவல் ஒலிபரப்பு அமைச்சகத்துக்கும், தேசியத் திரைப்பட விருதுகளை நடத்தும் தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்துக்கும், இனி அந்த விருதுக்குழுக்களில் அமரப்போகிறவர்களுக்கும்

வணக்கம்.

2025 ஆகஸ்ட் 1ஆம் தேதி சாயங்காலம் நான் சாலிகிராமத்தில் ஒரு டப்பிங் தியேட்டருக்குள் இருந்தேன். இந்தி சீரியல் ஒன்றில் மாமியாருக்குப் பேசிக்கொண்டிருந்தேன். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்திருந்த ரெக்கார்டிஸ்ட் திடீரென்று கையைத் தூக்கினார். டேக் சரியாக வரவில்லை போலிருக்கிறது என்று ஹெட்போனைக் கழற்றப் போனேன். அதற்குள் அவர் குரல் காதில் விழுந்தது: "அக்கா, பாஸ்கர் சாருக்கு நேஷனல் அவார்டு!"

அடுத்த அரைமணி நேரம் வேலை ஓடவில்லை. வெளியே பெஞ்சில் தங்கள் முறைக்குக் காத்திருந்தவர்கள் எல்லோரும் உள்ளே வந்துவிட்டார்கள். ஒரு பையன் ஓடிப்போய் ஜாங்கிரி வாங்கி வந்தான். நாற்பது வருடமாகக் குரல் கொடுத்துவரும் ஒரு பெரியவர் கண்ணைத் துடைத்துக்கொண்டே "நம்ம ஆளுடா, நம்ம ஆளு" என்று திரும்பத் திரும்பச் சொன்னார். நடிகர் எம். எஸ். பாஸ்கரோடு நான் ஒரு நாளும் ஒரே மைக் முன்னால் நின்றதில்லை. இருந்தாலும் அவரை "நம்ம ஆள்" என்று சொல்ல எனக்கும் உரிமை இருப்பதாகவே தோன்றியது. அவர் முகம் தமிழ்நாட்டுக்குப் பழக்கமாவதற்கு முன்பே அவர் குரல் எங்கள் தியேட்டர்களில் உழைத்துக்கொண்டிருந்தது.

அந்த விருதுக்காக முதலில் உங்களுக்கு நன்றி. 71வது தேசிய விருதுகளில் 'பார்க்கிங்' சிறந்த தமிழ்ப் படம் ஆனது, திரைக்கதைக்கும் பரிசு வாங்கியது. சிறந்த துணை நடிகர் விருதை மலையாளத்தின் விஜயராகவனோடு பாஸ்கர் பகிர்ந்துகொண்டார். செப்டம்பர் 23ஆம் தேதி டெல்லி விஞ்ஞான் பவனில் குடியரசுத் தலைவர் கையால் அவர் அதை வாங்கியதை நாங்கள் கைபேசியில் பார்த்தோம். அன்றைக்கும் இதே தியேட்டர்தான், இதே பெஞ்சுதான்.

ஆனால் அன்று ராத்திரி வீட்டுக்குப் போனபிறகு மனசில் ஒன்று உறுத்த ஆரம்பித்தது. அதைத்தான் இந்த மடலில் எழுதுகிறேன். பாஸ்கருக்கு முகம் கிடைத்தது, அதனால் விருதும் கிடைத்தது. அவர் முகம் இல்லாமல் உழைத்த அத்தனை வருடங்களுக்கு உங்கள் பட்டியலில் ஒரு வரிகூட இல்லை. இன்றைக்கும் இல்லை. தேசிய விருதுகளில் பின்னணிக் குரல் கலைஞருக்கு, நாங்கள் சொல்கிற டப்பிங் ஆர்ட்டிஸ்டுக்கு, ஒரு பிரிவு வேண்டும். நான் கேட்பது இதுதான். ஏன் கேட்கிறேன் என்பதைக் கொஞ்சம் பொறுமையாகக் கேளுங்கள்.

முதலில் பாஸ்கரையே எடுத்துக்கொள்கிறேன். சின்னச் சின்ன வேடங்கள், தெலுங்கிலிருந்தும் ஆங்கிலத்திலிருந்தும் வந்த படங்களுக்கு ஏராளமான டப்பிங், பிறகு தொலைக்காட்சி என்று நடந்து வந்தவர். 'சின்னப் பாப்பா பெரிய பாப்பா' தொடரின் பட்டாபியாகத்தான் வீடு வீடாக அவரைத் தெரிந்தது. அப்புறம் நகைச்சுவை வேடங்கள் வரிசையாக வந்தன. 2007இல் 'மொழி' வந்தபோதுதான் பலர் நிமிர்ந்து உட்கார்ந்தார்கள். மகனைப் பறிகொடுத்த 1984ஆம் வருடத்திலேயே மனசு நின்றுபோன பேராசிரியர் ஞானப்பிரகாசம். அதுவரை சிரிக்க வைத்த அதே குரல்தான், அதே சுருதிதான், ஆனால் கேட்கிறவனுக்குத் தொண்டை அடைக்கிறது. 'உத்தம வில்லன்' படத்தில் நாயகனின் மேலாளர் சொக்கு, '8 தோட்டாக்கள்' படத்தில் வாழ்க்கை முழுக்கத் தோற்றுப்போன கிருஷ்ணமூர்த்தி, 'பார்க்கிங்' படத்தில் ஒரு கார் நிறுத்தும் இடத்துக்காகத் தன் நேர்மையையும் நிம்மதியையும் பணயம் வைக்கிற அரசு அதிகாரி இளம்பருதி. இந்த நாலையும் ஒருமுறை கண்ணை மூடிக்கொண்டு கேட்டுப் பாருங்கள். நான் அப்படிக் கேட்டிருக்கிறேன். தொழில் பழக்கம், காதுதான் முதலில் பார்க்கும். இளம்பருதிக்குக் கோபம் வருவதற்கு அரை நொடி முன்பே மூச்சு மாறிவிடுகிறது, சொல் அப்புறம்தான் வருகிறது. கிருஷ்ணமூர்த்தி தன் கதையைச் சொல்லும் அந்த நீண்ட காட்சியில் வாக்கியங்களின் கடைசிச் சொல்லைப் பாதி விழுங்குகிறார். யாரும் தன்னை முழுசாகக் கேட்கப் போவதில்லை என்று பழகிப்போன மனிதனின் பேச்சு அது.

இது எங்கே கற்றது? என்னைக் கேட்டால் டப்பிங் தியேட்டரில் என்பேன். அவரே அப்படிச் சொன்னார் என்று நான் எழுதவில்லை. இது என் தொழில் எனக்குச் சொல்வது.

அந்த அறைக்குள் என்ன நடக்கிறது என்று விருதுக்குழுவில் உட்கார்ந்தவர்களில் எத்தனை பேர் பார்த்திருப்பீர்களோ தெரியாது. ஏசி குளிர், மங்கலான வெளிச்சம், முன்னால் திரை, ஒரு மைக், வசனத் தாளை வைக்க ஒரு ஸ்டாண்டு. தாள் புரளும் சத்தம்கூட மைக்கில் ஏறிவிடும். கண்ணாடி வளையல், சரசரக்கும் பட்டுப்புடவை எல்லாம் வெளியேதான். நான் இந்தத் தொழிலுக்கு வந்த புதிதில் ஒரு காட்சியில் ஐந்து பேர் பேசினால் ஐந்து பேரும் மைக்கைச் சுற்றி நிற்போம். ஒருவர் தப்பு செய்தால் எல்லோருக்கும் ரீடேக். மூத்தவர்கள் முறைத்துப் பார்ப்பார்கள், அந்தப் பயத்திலேயே வேலை கற்றுக்கொண்டோம். இப்போது கம்ப்யூட்டர் வந்துவிட்டது. அவரவர் தனியாக வந்து தன் வரிகளை மட்டும் பேசிவிட்டுப் போகிறோம். எதிரே ஆள் இல்லாமல் சண்டை போடுகிறேன், எதிரே குழந்தை இல்லாமல் கொஞ்சுகிறேன்.

வேற்றுமொழிப் படம் என்றால் இன்னொரு கஷ்டம். திரையில் இருக்கிறவர் பேசுவது இந்தியோ தெலுங்கோ. அவர் உதடு ஒட்டும் இடத்தில் தமிழிலும் உதடு ஒட்டவேண்டும். அதாவது அந்த இடத்தில் 'ப'வோ 'ம'வோ வந்தே ஆகவேண்டும். "எனக்குத் தெரியாது" என்று தாளில் இருக்கும், ஆனால் அங்கே நடிகையின் உதடு ஒட்டியிருக்கும். நின்ற இடத்திலேயே "எப்படிம்மா தெரியும்" என்று மாற்றுவோம், பொருளும் போகக்கூடாது, நீளமும் கூடக்கூடாது. தமிழில் நிரோட்டகம் என்று ஒரு பாட்டு வகை உண்டு, உதடு ஒட்டாமலே பாடவேண்டும். அதைப் பாடியவர்களைப் பெரும்புலவர்கள் என்று கொண்டாடுகிறோம். அந்த உதட்டுக் கணக்கைத் தலைகீழாகப் போட்டு, அழுகையோடும் மூச்சிரைப்போடும் சேர்த்து, ஒரு நாளைக்கு இருநூறு வரி பேசிவிட்டு வீட்டுக்குப் போய் மிளகும் பனங்கற்கண்டும் போட்ட பாலைக் குடித்துவிட்டுப் படுக்கிறவர்கள் நாங்கள்.

தொழில்நுட்பம்தானே, கலை இல்லையே என்று யாராவது சொன்னால் எனக்கு நிஜமாகவே வலிக்கிறது. உதடு பொருத்துவது தொழில்நுட்பம், ஒப்புக்கொள்கிறேன். ஆனால் முகம் ஏற்கெனவே அழுது முடித்துவிட்ட பிறகு, வேறு ஊரில், வேறு நாளில், அந்த அழுகைக்குள் புகுந்து அதை மெய்யாக்குவது நடிப்பு. நடிப்பைத் தவிர அது வேறு எதுவும் இல்லை.

உங்கள் விருதுகளின் வரலாற்றையே சாட்சிக்குக் கூப்பிடுகிறேன். 1954இல் முதன்முதலாக விருது கொடுத்தபோது நடிகருக்கே பரிசு கிடையாது. சிறந்த நடிகரும் நடிகையும் 1967ஆம் ஆண்டுப் படங்களுக்குத்தான் முதன்முறை வந்தார்கள். அதே ஆண்டில் பின்னணிப் பாடகருக்கும் விருது வந்தது. அடுத்த ஆண்டு 'உயர்ந்த மனிதன்' படத்தில் பாடியதற்காக பி. சுசீலா அம்மா வாங்கினார்கள், பின்னணிப் பாடகி என்று தேசிய விருது வாங்கிய முதல் பெண். துணை நடிகருக்கான பிரிவு 1984ஆம் ஆண்டுப் படங்களிலிருந்துதான். பாஸ்கருக்கு இன்று கொடுத்தீர்களே, அந்தப் பிரிவே ஒருகாலத்தில் இல்லை. யாரோ கேட்டிருப்பார்கள், யாரோ யோசித்திருப்பார்கள், வந்தது.

இப்போது சொல்லுங்கள். திரையில் ஒரு நடிகை வாயசைக்கிறார், பின்னால் இன்னொரு பெண் பாடுகிறார். அந்தப் பெண்ணுக்கு ஐம்பது வருடத்துக்கும் மேலாக நாட்டின் உயர்ந்த மரியாதை கிடைக்கிறது. கிடைக்கவேண்டும், அதில் எனக்கு இரண்டாவது கருத்து இல்லை. அதே திரையில் அதே நடிகை வாயசைக்கிறார், பின்னால் இன்னொரு பெண் பேசுகிறார். பாட்டு ஐந்து நிமிஷம், பேச்சு இரண்டு மணி நேரம். அவளுக்கு ஒன்றும் இல்லை.

71வது விருதுகளிலேயே பாருங்கள். 'ஜவான்' படத்தின் 'சலேயா' பாட்டுக்காக ஷில்பா ராவ் சிறந்த பின்னணிப் பாடகி ஆனார். திரையில் அந்தப் பாட்டுக்கு நயன்தாரா. தமிழில் இதே நயன்தாராவுக்கு 'ராஜா ராணி', 'அறம்' என்று எத்தனையோ படங்களில் பேசியவர் தீபா வெங்கட். அவரே நல்ல நடிகை, சின்னத்திரையில் தமிழ்நாடு பார்த்துப் பழகிய முகம். 'அறம்' படத்தின் கலெக்டர் மதிவதனியைப் பற்றிப் பேசும்போது எல்லோரும் அந்தக் கம்பீரத்தைச் சொல்கிறார்கள். அந்தக் கம்பீரத்தில் பாதி கண்ணில் இருக்கிறது, பாதி குரலில் இருக்கிறது. கண்ணுக்குப் பரிசு கொடுக்கிற தராசு உங்களிடம் இருக்கிறது, குரலை நிறுக்கத் தட்டே இல்லை.

எஸ். பி. பாலசுப்ரமணியம் சாரை நினைத்தால் இது இன்னும் தெளிவாகும். பாடியதற்காக ஆறு தேசிய விருது. அதே மனிதர் தெலுங்கில் கமல்ஹாசனுக்கு ஆண்டாண்டு காலம் பேசினார். 'தசாவதாரம்' தெலுங்கில் பத்து வேடங்களில் ஏழுக்கு அவர் குரல்தான், பாட்டி வேடம் உட்பட. ஒரே தொண்டையில் ஏழு ஆட்கள். அதை மதிப்பதற்கு தேசிய மேடையில் இடம் இல்லை. ஆந்திராவின் நந்தி விருதுகளில் டப்பிங்குக்குப் பிரிவு இருந்தது. கேரள அரசும் தமிழ்நாடு அரசும் தங்கள் விருதுகளில் டப்பிங் கலைஞரைச் சேர்த்திருக்கின்றன. மாநிலங்களுக்குத் தெரிந்தது டெல்லிக்குத் தெரியாமல் இருப்பது ஏன் என்று எனக்குப் புரியவில்லை.

சிலர் சொல்வார்கள்: நடிகர் சொந்தக் குரலில் பேசுவதுதான் நல்லது, டப்பிங்குக்கு விருது கொடுத்தால் கடன் குரலை ஊக்குவிப்பது போல ஆகிவிடும் என்று. இதை நான் லேசாகத் தள்ளவில்லை. சொந்தக் குரலில் பேசும் நடிகரை நானும் மதிக்கிறேன். பாஸ்கரின் பெருமையே அவர் முகமும் குரலும் ஒன்றாக இருப்பதில்தான். ஆனால் நம் நாட்டில் அரசியல் சட்டத்தின் எட்டாவது அட்டவணையில் மட்டும் 22 மொழி. ஒரு மாநிலத்து நடிகை இன்னொரு மாநிலத்தில் நடிப்பதும், ஒரு மொழிப் படம் ஐந்து மொழியில் ஒரே நாளில் வெளியாவதும் இங்கே அன்றாடம். மதுரையில் இருக்கிறவர் கன்னடப் படம் பார்த்து அழுகிறார் என்றால் நடுவில் ஒரு தமிழ்க் குரல் நின்று அந்த அழுகையைக் கைமாற்றிக் கொடுத்திருக்கிறது. பல மொழி பேசும் நாட்டின் தேசிய விருதுக்கு இதைவிடப் பொருத்தமான கலை எது?

மைக் மோகன் என்று ஒரு நடிகரை எண்பதுகளில் தமிழ்நாடே கொண்டாடியது. படத்துக்குப் படம் மைக் பிடித்துப் பாடும் வேடம், அதனால் அந்தப் பெயர். பாட்டு பெரும்பாலும் எஸ்.பி.பி. பேச்சு எஸ். என். சுரேந்தர். மோகன் அருமையான நடிகர், அதில் சந்தேகமே இல்லை. ஆனால் அந்த மென்மையான, பக்கத்து வீட்டுப் பையன் குரலைக் காதலித்தவர்கள் சுரேந்தரைத்தான் காதலித்தார்கள், அது அவர்களுக்கே தெரியாது.

இன்னொரு கதை உங்களுக்கும் தெரிந்ததுதான், ஏனென்றால் அது உங்கள் விருதைத் தொட்ட கதை. 1993இல் வந்த 'மணிச்சித்திரத்தாழ்' படத்துக்காக ஷோபனா சிறந்த நடிகை விருது வாங்கினார். அதில் அவர் நடித்த கங்காவின் மலையாளக் குரல் பாக்யலட்சுமி. கங்கா நாகவல்லியாக மாறித் தமிழில் சீறுகிறாளே, அந்தக் குரல் தமிழ் டப்பிங் கலைஞர் துர்காவுடையது. ஆனால் இரண்டு குரலும் ஒருவருடையதுதான் என்றே ஊர் நம்பியது. துர்காவின் பெயர் பெரிதாக வெளியே வந்தது 2016இல், இயக்குநர் ஃபாசில் எழுதிய பிறகு. இருபத்து மூன்று வருடம்! ஷோபனாவின் கண்ணும் அந்தக் கையும் அந்த நடனமும் எந்த விருதுக்கும் தகும். ஆனால் இந்தியாவே நடுங்கிய அந்தச் சீற்றத்துக்குச் சொந்தக்காரர் தன் பெயர் எங்கும் இல்லாமல் இருபத்து மூன்று வருடம் இருந்திருக்கிறார். டப்பிங்குக்கு அன்றைக்கே ஒரு பிரிவு இருந்து, விண்ணப்பத்தில் "குரல் யார்?" என்று ஒரு கட்டம் இருந்திருந்தால் தயாரிப்பாளர் அன்றே எழுதிக் கொடுத்திருப்பார்.

அந்தக் கட்டம்தான் என் இரண்டாவது கோரிக்கை. புதிய பிரிவு வர நேரம் ஆகும் என்றால் இதையாவது உடனே செய்யுங்கள். விருதுக்கு அனுப்பும் ஒவ்வொரு படத்தின் விண்ணப்பத்திலும் முக்கியப் பாத்திரங்களுக்குக் குரல் கொடுத்தவர் பெயரைக் கட்டாயமாக்குங்கள். பிறர் குரலில் நடித்தவருக்கு நடிப்பு விருது கொடுத்தால், அறிவிப்பில் அந்தக் குரலுக்கு உரியவர் பெயரையும் ஒரு வரி சேருங்கள். காசு கேட்கவில்லை, ஒரு வரி.

என் சொந்த அனுபவம் ஒன்றைச் சொல்லாமல் என்னால் இதை முடிக்க முடியாது. யார் பெயரும் சொல்லப் போவதில்லை. பதினோரு வருடத்துக்கு முன்னால் ஒரு படத்தில் நாயகிக்குப் பேசினேன். எனக்குக் கிடைத்த முதல் பெரிய வேடம். குழந்தை காணாமல் போன அம்மா, ராத்திரி ஏரிக்கரையில் பெயர் சொல்லிக் கூப்பிட்டுக்கொண்டே ஓடவேண்டும். நடிகைக்குத் தமிழ் தெரியாது. ஷூட்டிங்கில் பதிவான பைலட் டிராக்கில் அவர் வாயில் வந்த ஏதோ ஒன்றைச் சொல்லிக்கொண்டே ஓடியிருந்தார், ஆனால் ஓட்டம் நிஜமான ஓட்டம். நான் மைக் முன்னால் நின்ற இடத்திலேயே ஓடினேன். செருப்பைக் கழற்றிவிட்டு, சத்தம் ஏறாமல் இருக்கக் காலின் கீழே பழைய போர்வையை மடித்துப் போட்டு ஓடினேன். மூன்று மணி நேரம். பதினெட்டாவது டேக்கில் குரல் உடைந்தது. நாங்கள் பயந்துகொண்டிருந்த உடைசல் அது, ஆனால் இயக்குநர் "இதுதான், இதுதான்" என்று எழுந்து நின்றார். அதற்குப் பிறகு நாலு நாள் என்னால் பேச முடியவில்லை. எழுதிக் காட்டித்தான் காய்கறி வாங்கினேன்.

அந்த நடிகைக்கு ஒரு தனியார் விருது விழாவில் பரிசு கிடைத்தது. டிவியில் போட்டார்கள். அவர் மேடைக்கு நடந்து வரும்போது பின்னால் பெரிய திரையில் அந்த ஏரிக்கரைக் காட்சி, அரங்கம் முழுக்க என் குரல். என் பக்கத்தில் உட்கார்ந்திருந்த அம்மாவுக்கு அப்போதே பார்வை மங்கிவிட்டது. படம் தெரியாது, குரல் மட்டும்தான். சட்டென்று என் கையைப் பிடித்துக்கொண்டு "நீதானேடி கத்தறே, என்னாச்சு?" என்றாள். அந்த நடிகை மேல் எனக்கு இன்றுவரை ஒரு துளி வருத்தம் இல்லை. அவர் ஓடினார், நான் கத்தினேன், இரண்டும் சேர்ந்துதான் ஒரு தாய். படத்தின் டைட்டிலில் என் பெயர் இல்லை. கேட்டபோது "இடம் பத்தலைம்மா, அடுத்த படத்துல பாத்துக்கலாம்" என்றார்கள். அம்மா போய்ச் சேர்ந்துவிட்டாள். மூடிய கண்ணோடு என்னை அடையாளம் கண்ட ஒரே பார்வையாளர் அவள்தான்.

இப்போது ஓடிடியில் வரும் தொடர்களின் கடைசியில் குரல் கொடுத்தவர்களின் பெயர்களைத் தமிழில் போடுகிறார்கள். பெரிய விஷயம், மனமாரப் பாராட்டுகிறேன். ஆனால் பெயர் வருவதற்குள் அடுத்த பகுதி தானாக ஓட ஆரம்பித்துவிடுகிறது. ரிமோட்டைக் கையில் வைத்துக்கொண்டு நிறுத்தி நிறுத்திப் பெயர் படிப்பது எங்கள் வீடுகளில் மட்டும்தான் நடக்கும்.

செயற்கை நுண்ணறிவு பற்றியும் ஒரு வார்த்தை. 2024இல் 'லால் சலாம்' படத்துக்காக மறைந்த பாடகர்கள் பம்பா பாக்யா, சாகுல் ஹமீது இருவரின் குரலையும் ஏ. ஆர். ரஹ்மான் இந்த முறையில் மீட்டெடுத்தார். குடும்பத்தாரிடம் அனுமதி வாங்கி, உரிய தொகையும் கொடுத்துச் செய்தார். அதுதான் மரியாதை. பாடகரின் குரல் அவர் சொத்து என்று உலகத்துக்குத் தெரியும், ஏனென்றால் அந்தக் குரலுக்குப் பெயர் இருக்கிறது, விருது இருக்கிறது, பாட்டின் உறையில் அச்சு இருக்கிறது. எங்கள் குரலுக்கு? நாளைக்கு எவராவது என்னுடைய பழைய பதிவுகளை எடுத்து ஒரு இயந்திரத்துக்குக் கற்றுக்கொடுத்தால், இது என் குரல் என்று நான் எந்தக் காகிதத்தைக் காட்டி நிரூபிப்பேன்? என் பெயர் எழுதப்படாத படங்களில்தான் என் குரல் இருக்கிறது. அரசாங்கத்தின் ஏட்டில் ஒரு பெயர் ஏறுவது வெறும் பெருமைக்கு மட்டும் இல்லை என்று இப்போது புரிந்துகொள்கிறோம்.

நடிகர் விக்ரமின் கதையையும் அடிக்கடி நினைத்துக்கொள்வேன். தனக்கென்று ஒரு வெற்றி வராத நாட்களில் 'அமராவதி'யில் அஜித்துக்கும் 'காதலன்' படத்தில் பிரபுதேவாவுக்கும் குரல் கொடுத்தவர் அவர். பிறகு 2003இல் வந்த 'பிதாமகன்' படத்துக்காகச் சிறந்த நடிகருக்கான தேசிய விருது வாங்கினார். அந்தப் படத்தில் சுடுகாட்டில் வளர்ந்த சித்தனுக்கு வசனமே கிட்டத்தட்ட கிடையாது. ஊருக்கெல்லாம் பேசிய தொண்டை, பேசாமல் இருந்தபோதுதான் உங்கள் கண்ணில் பட்டது. உறுமலிலும் முனகலிலும் ஒரு முழு மனிதனைக் காட்ட அவருக்கு எங்கிருந்து தைரியம் வந்தது என்று என்னிடம் கேட்டால், மைக் முன்னால் ரியாக்‌ஷன் மட்டும் பேசிப் பேசிப் பழகிய நாட்களிலிருந்து என்பேன். வசனம் இல்லாத இடங்களைத்தான் ரியாக்‌ஷன் என்போம்: பெருமூச்சு, திடுக்கிடல், எச்சில் விழுங்குவது, ஓடி வந்து நிற்பது. புதிதாக வருகிறவர்களை முதலில் அதைத்தான் செய்யச் சொல்வோம். அது வந்தால் எல்லாம் வரும்.

பாஸ்கர், விக்ரம், 'பம்பாய்' படத்தில் மனீஷா கொய்ராலாவுக்குப் பேசிய ரோகிணி, தீபா வெங்கட் என்று முகமும் குரலும் இரண்டுமாக வாழ்ந்தவர்கள் சிலர். அவர்களை ஏதோ ஒரு வழியில் உலகம் கண்டுகொண்டது. பாஸ்கரின் சகோதரியும் மகளும்கூட இந்தத் தொழிலில் இருப்பவர்கள்தான், ஒரு குடும்பமே குரலால் வாழ்ந்திருக்கிறது. ஆனால் எங்கள் பெஞ்சில் உட்கார்ந்திருப்பவர்களில் பெரும்பாலோர் கேமரா முன்னால் நிற்கப் போவதே இல்லை. நிற்கவேண்டும் என்ற ஆசையும் பலருக்கு இல்லை. அவர்கள் பிழைப்பும் கலையும் மைக்கோடு முடிகிறது. "நடிகராகிவிட்டால் விருது கிடைக்கும்" என்பது அவர்களுக்குப் பதில் ஆகாது.

2024இல் விருது விதிகளைத் திருத்தினீர்கள். சில பிரிவுகளின் பெயரை மாற்றினீர்கள், வெள்ளித் தாமரைக்கான தொகையை 2 லட்சமாக உயர்த்தினீர்கள். திருத்த முடியும் என்பதற்கு அதுவே போதும். அடுத்த முறை விதிகளை மேஜையில் பரப்பும்போது, மூல மொழிப் படத்தில் பிறருக்குக் குரல் கொடுத்தவருக்கு ஒன்று, மொழிமாற்றுப் படத்தில் குரல் கொடுத்தவருக்கு ஒன்று என்று இரண்டு பிரிவுகளைச் சேர்க்கக் கேட்டுக்கொள்கிறேன். இரண்டு முடியாது என்றால் ஒன்றாவது சேருங்கள். குழுவில் குறைந்தது ஒருவர் மைக் முன்னால் நின்று பழகியவராக இருக்கட்டும். ஒரு குரல் எங்கே நடிக்கிறது, எங்கே வெறுமனே வாசிக்கிறது என்பதை அவர் காது சொல்லிவிடும்.

எப்படித் தரம் பிரிப்பது என்று சந்தேகம் வந்தால் ஒருநாள் சாலிகிராமத்துக்கு வாருங்கள். காலை ஒன்பது மணி கால்ஷீட்டுக்கே வந்துவிடுங்கள். ஒரு காட்சியை முதலில் பைலட் டிராக்கோடு போட்டுக் காட்டுகிறோம், ஷூட்டிங் ஸ்பாட் இரைச்சலும் பக்கத்தில் எவரோ வசனம் எடுத்துக்கொடுக்கும் சத்தமும் கேட்கும். பிறகு சத்தமே இல்லாமல், வெறும் முகம். அப்புறம் எங்களில் ஒருவர் உள்ளே போவார். கதவு மூடும், சிவப்பு விளக்கு எரியும். நீங்கள் ரெக்கார்டிஸ்ட் பக்கத்தில் உட்கார்ந்து ஹெட்போன் போட்டுக்கொள்ளுங்கள். கண்ணை மூடிக்கொண்டால் இன்னும் நல்லது.

இப்படிக்கு,
ஒரு டப்பிங் கலைஞர்,
சாலிகிராமம், சென்னை